டாக்டர் தில்லைநாதன் ஓட்டிய மாருதிகள்

கடலூர் மாவட்டத்தில் கார் என்றால் மாருதி 800 என்றுதான் பொருள். மற்றவற்றுக்குத் தனித்தனியே பெயர் வைத்துக்கொண்டார்கள்: அம்பாசடர், ஜீப்பு, குவாலிஸ், கட்சிக்காரர் வண்டி. ஒருவரைப் பற்றிக் ‘கார் வாங்கிட்டாரு’ என்று மொட்டையாகச் சொன்னால், அவர் வீட்டு வாசலில் சின்னதாக, வெள்ளையாக, நெற்றியில் சந்தனம் குங்குமத்தோடு ஒன்று நிற்கிறது என்று கேட்டவர் புரிந்துகொள்வார். நாலு பேருக்கென்று செய்த அந்த வண்டியில் ஏழு பேரும் ஒரு குத்துவிளக்கும் திருப்பதி போய்த் திரும்பிய சம்பவங்கள் இந்தப் பக்கத்தில் ஏராளம். போனவர்கள் யாரும் இடம் போதவில்லை என்று சொன்னதாகத் தகவல் இல்லை.

இந்த வண்டி இப்படி ஊர் ஊராகப் பரவி, வீட்டு மனிதர்களில் ஒருவரைப்போல ஆனதற்குப் பல காரணங்கள் சொல்வார்கள். விலை, மைலேஜ், எந்த ஊர் மெக்கானிக்கும் கண்ணை மூடிக்கொண்டு பிரித்து மாட்டுவான் என்கிற தைரியம். எல்லாம் சரிதான். மணவாளன் என்ற காரணத்தை மட்டும் யாரும் சொல்வதில்லை. இந்த வரலாற்றுப் பிழையை இத்தனை காலம் யாரும் திருத்தாமல் விட்டது வருத்தத்துக்குரியது.

மணவாளன் மேல்பட்டாம்பாக்கத்துக்காரர். பத்தாம் வகுப்புப் பரீட்சையை இரண்டு தடவை எழுதிப் பார்த்துவிட்டு, கல்வித்துறையை மேலும் சிரமப்படுத்த வேண்டாம் என்று ஒதுங்கிக்கொண்டவர். கொஞ்ச நாள் மெக்கானிக் ஷெட்டில் இருந்தார். பிறகு கடலூர் மஞ்சக்குப்பத்தில் ஒரு டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து, பழைய காரை விற்கிறவருக்கும் வாங்குகிறவருக்கும் நடுவில் நிற்பதைத் தொழிலாகக் கொண்டார். கோட்டு போட்டவர் இதைச் செய்தால் ஆலோசகர் என்பார்கள். மணவாளன் சட்டையின் மேல் பட்டனைக்கூடப் போடாதவர். ஆகவே புரோக்கர்.

இந்த ஒரு வார்த்தை அவர் குடும்பத்தில் பெரிய சேதம் செய்திருந்தது. மனைவி கொளஞ்சியம்மாளின் அண்ணன் செந்தமிழ்செல்வனுக்குச் சேத்தியாத்தோப்பில் உரக்கடை. பெண் கொடுக்கும்போது மாப்பிள்ளை மெக்கானிக். கொடுத்த பிறகு புரோக்கர். அதனால் அண்ணன் ஒரு தடவைகூடத் தங்கை வீட்டு வாசல்படி மிதித்ததில்லை. பொங்கல் சீரைக்கூட பஸ் கண்டக்டரிடம் கொடுத்து அனுப்பிவிடுவார். 2008இல் தனக்கே ஒரு மாருதி தேவைப்பட்டபோது மஞ்சக்குப்பம் பெஞ்சுக்கு வந்தார், டீ குடித்தார், வண்டியை எடுத்துக்கொண்டு நேரே சேத்தியாத்தோப்பு போய்விட்டார்.

“கண்டக்டரு கையில வர்ற வெல்லத்த எத்தினி வருசத்துக்குத் தின்றது? ஒரே ஒரு தபா வந்து என் கையால ஒரு வாய் சாப்ட்டுட்டுப் போவட்டும், போதும்” என்பார் கொளஞ்சியம்மாள். அவருக்கு வாழ்க்கையில் வேறு கோரிக்கை கிடையாது.

இனி டாக்டர் பிறந்த கதை.

2004ஆம் வருஷம் ஜான்சி என்கிற டீச்சர், கணவரோடு ஒரு வெள்ளை மாருதியைப் பார்க்க வந்தார். அவருடைய அப்பாவும் அம்மாவும் நெல்லிக்குப்பம் பக்கம் கரும்பு வெட்டியவர்கள். அந்த வம்சத்தில் முதல் கார். ஜான்சி வண்டியைச் சுற்றிச் சுற்றி வந்தார், கதவைத் திறந்து மூடினார், கடைசியில் கேட்டார்: “இது யாரு ஓட்டின வண்டிங்க?”

அது கோழித் தீவன ஏஜெண்ட் ஒருவர் ஓட்டியது. மணவாளன் எஞ்சினைப் பிரித்துப் பார்த்துத் திருப்திப்பட்டிருந்தார். குறை வண்டியில் இல்லை, வாசனையில்தான். ஆனால் வம்சத்தின் முதல் காரைக் கோழித் தீவனத்திலிருந்து தொடங்க அவருக்கு மனசு வரவில்லை.

“டாக்டர் ஓட்டினதுங்க.”

“எந்த டாக்டரு?”

“சிதம்பரம். தில்லைநாதன்னு.”

“இன்னா டாக்டரு?”

இந்த இடத்தில்தான் மணவாளனின் மேதைமையைக் கவனிக்க வேண்டும். பிரசவ டாக்டர் என்றால் ராத்திரி பகல் பாராமல் வண்டியை விரட்டியிருப்பார். குழந்தை டாக்டரும் அப்படியே. எலும்பு டாக்டர் என்றாலே மனசில் ஒரு விபத்து வந்து நிற்கும்.

“கண் டாக்டருங்க” என்றார் மணவாளன். “அவசரமே கெடையாது. காலையில ஆஸ்பத்திரி, சாயங்காலம் வீடு. நாப்பதுக்கு மேல போவ மாட்டாரு.”

ஆர்.சி. புக்கில் வேறு பேர் இருந்ததை ஜான்சியின் கணவர் சுட்டிக் காட்டினார். மணவாளன் குரலைத் தாழ்த்தினார். “எந்த டாக்டருங்க தன் பேருல வண்டி வச்சிக்கிறாரு? இது அவரு மச்சான் பேரு.” இந்தியாவின் வரிவிதிப்பு முறையை நன்கு அறிந்த குடிமக்களாகத் தம்பதி தலையாட்டினார்கள்.

அதன்பிறகு டாக்டருக்கு ஓய்வே இல்லை. ஒருவர் வாங்கினால் அவருடைய சம்பந்தி வருவார், சம்பந்தி வாங்கினால் பக்கத்து வீட்டுக்காரர். ஒவ்வொருவருக்கும் டாக்டரிடம் ஒரு புது நற்குணம் சேர்ந்தது. மழையில் வண்டி எடுக்க மாட்டார். செருப்பை வெளியே விட்டுவிட்டுத்தான் ஏறுவார். அவர் சம்சாரம் கதவை அடித்துச் சாத்தியதே இல்லை. 2010இல் சென்னை மாதிரிப் பெரிய ஊர்களில் மாருதி 800 இனி விற்கப்போவதில்லை என்று செய்தி வந்ததும் கடலூரில் கிராக்கி ஏறியது. டாக்டர் முன்னைவிட அதிகமாக வண்டி மாற்ற வேண்டியிருந்தது.

2011 கடைசியில் வந்த ‘தானே’ புயல் செந்தமிழ்செல்வனின் ஓட்டு வீட்டைப் பிரித்துப்போட்டது. அதே இடத்தில் கான்கிரீட் வீடு எழும்பி, 2012 ஆவணியில் கிரகப்பிரவேசம். மணவாளன் மனைவியை முதல்முறையாகச் சொந்த மாருதியில், நீல நிறம், அழைத்துவந்து இறக்கினார். அதையும் டாக்டர் வண்டி என்றே வீட்டில் சொல்லியிருந்தார். தொழில் பழக்கம்.

“இன்னிக்கு எங்கண்ணன எல்லார் முன்னாடியும் வீட்டுக்குக் கூப்டப் போறேன். அத்தினி பேரு நிக்கும்போது மாட்டேன்னு சொல்ல முடியாது” என்று கொளஞ்சியம்மாள் வழியெல்லாம் ஒத்திகை பார்த்துக்கொண்டு வந்திருந்தார்.

பந்தி முடிந்து, பந்தலில் வெற்றிலைத் தட்டு சுற்றிக்கொண்டிருந்தது. வெளியே ஏழெட்டு மாருதிகள் வரிசையாக நின்றன. செந்தமிழ்செல்வன் நேரே மணவாளனிடம் வந்தார்.

“புரோக்கரே, அந்த டாக்டர் நம்பரு குடு.”

“எதுக்கு மச்சான்?”

“என் வண்டிய ஸ்ரீமுஷ்ணம் பார்ட்டிக்குப் பேசி அட்வான்ஸ் வாங்கிட்டேன். டாக்டர்கிட்ட ஒரு வார்த்தை கேட்டுக்கிறேங்கிறாரு.”

“எந்த டாக்டரு?” என்று திரும்பினார் கதிர்வேல். திருவதிகையில் எல்.ஐ.சி. ஏஜெண்ட், உறவுக்காரர்.

“சிதம்பரம் தில்லைநாதன். கண் டாக்டரு.”

“அட. என் வண்டியும் அவருதுதான்.”

“எங்களுதும்” என்றார் ஜான்சி டீச்சர். இப்போது சேத்தியாத்தோப்புக்கு மாற்றலாகி, செந்தமிழ்செல்வனின் மகளுக்குக் கணக்குப் பாடம் எடுக்கிறவர்.

அடுத்த நாற்காலியிலிருந்தும் ஒரு கை உயர்ந்தது. பிறகு இன்னொன்று. ஆர்.சி. புக்கில் முதலில் இருந்த பேர் பற்றிப் பேச்சு வந்தது. ஜான்சி டீச்சரின் புக்கில் டாக்டரின் மச்சான் பேர் சுப்புராயன். கதிர்வேலின் புக்கில் அந்தோணிசாமி. செந்தமிழ்செல்வனின் புக்கில் காதர் பாட்சா. எல்லோரும் மச்சான்கள். டாக்டர் குடும்பத்தில் நிலவிய மத நல்லிணக்கத்தைப் பந்தல் ஒரு நிமிஷம் மௌனமாக நினைத்துப் பார்த்தது.

“நம்பரு, புரோக்கரே” என்றார் செந்தமிழ்செல்வன்.

மணவாளன் நிமிர்ந்தார். வாசல்படியில் கொளஞ்சியம்மாள் அண்ணனை அழைக்கச் சமயம் பார்த்துப் புடவைத் தலைப்பைச் சரிசெய்துகொண்டு நின்றார்.

“டாக்டர் தவறிட்டாருங்க மச்சான்” என்றார் மணவாளன். “போன மாசம்.”

கதிர்வேல் எழுந்து போய் வெற்றிலையைத் துப்பிவிட்டு வந்தார். “எப்பேர்ப்பட்ட மனுசன். பாலிசி ஏதாச்சும் எடுத்திருந்தாரா?”

மணவாளன் மூச்சு விட்டார். கிரகப்பிரவேச வீட்டிலிருந்து யாரும் துக்கம் கேட்கப் போக மாட்டார்கள், நாளைக்குள் மறந்துவிடுவார்கள் என்பது அவர் கணக்கு. கணக்கு டீச்சரை அவர் கணக்கில் எடுத்துக்கொள்ளவில்லை.

“எங்களுக்கு அந்த சாஸ்திரமெல்லாம் இல்ல” என்றார் ஜான்சி. “எட்டு வருசமா அவரு வண்டியில போறோம். சிதம்பரம் இங்கேருந்து எவ்ளோ தூரம்? நான் போயி அந்தம்மாவப் பாத்துட்டு வந்துடறேன்.”

ஒரு பெண் தனியாகப் போகும்போது டாக்டரின் மற்ற வாரிசுகள் உட்கார்ந்து பாயசம் குடிக்க முடியுமா? வேட்டியை மடித்துக் கட்டினார்கள். கடைத்தெருவில் ரோஜா மாலை ஒன்று வாங்கினார்கள். செந்தமிழ்செல்வனும் கிளம்பினார். டாக்டரின் சம்சாரத்திடமாவது ஒரு வார்த்தை வாங்கினால் ஸ்ரீமுஷ்ணத்துக்காரரைச் சமாளிக்கலாம். “நான் வாசல்லயே நின்னுட்டு வர்றேன்” என்று மனைவியிடம் சொல்லிவிட்டு வந்தார்.

புவனகிரி சாலையில் மாருதிகள் ஒன்றன்பின் ஒன்றாக ஊர்ந்தன. டாக்டருக்கு மரியாதையாக யாரும் நாற்பதைத் தாண்டவில்லை. பின்னால் ஒரு பஸ் ஹாரனை அழுத்திக்கொண்டே வந்தது. டீக்கடைகளில் இருந்தவர்கள் எழுந்து நின்று எந்தக் கட்சி என்று பார்த்தார்கள். முன்னால் போன நீல வண்டியில் மணவாளனும் கொளஞ்சியம்மாளும்.

“வீடு எந்தப் பக்கம்ங்க? கீழ வீதியா, மேல வீதியா?”

மணவாளன் கியரை மாற்றினார்.

“உங்களத்தான் கேக்குறேன். டாக்டர் வீடு.”

“கொளஞ்சி, டாக்டர் செத்துப் போவல.”

“பின்ன?”

“பொறக்கவே இல்ல.”

கொளஞ்சியம்மாள் சாலையையே பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு ஊர் கடந்து போனது.

“நம்ம வண்டி?”

“நெய்வேலியில ஒரு சவுண்ட் சர்வீஸ்காரரு.”

“யோவ், ஓரங்கட்டு.”

“எதுக்கு?”

“எங்கண்ணன் கண்டுபுடிச்சுச் சொன்னா அது ஒரு மாதிரி. நம்மளே சொன்னா அது ஒரு மாதிரி. நிறுத்துய்யா.”

வெள்ளாற்றுப் பாலத்துக்கு முன்னால், புயலில் சாய்ந்த புளியமரத்தின் வேர்க்கட்டை அருகில் வண்டி நின்றது. மற்றவையும் நின்றன. எல்லோரும் இறங்கி வந்தார்கள். மணவாளன் வண்டிக்குள்ளேயே இருந்துகொண்டார். கொளஞ்சியம்மாள்தான் பட்டுப்புடவையோடு இறங்கிச் சொன்னார்.

“டாக்டருன்னு யாரும் கெடையாதுங்க. எங்க வீட்டுக்காரரு சும்மா சொன்னது. திட்டறவங்க இங்கயே திட்டிடுங்க, அவருக்கும் கேக்கும். ஆனா நான் ஒண்ணு கேக்கறேன். எந்த வண்டியாச்சும் ரோட்டுல நின்னுதா?”



“என்னுது ஒரு தபா நின்னுது” என்றார் கதிர்வேல்.

“எதுனால?”

“பெட்ரோல் இல்ல.” பிறகு அவருக்குச் சந்தேகம் வந்தது. “மாப்ள, அப்ப என் வண்டி யாருது?”

மணவாளன் கண்ணாடியை இறக்கினார். “பண்ருட்டியில ஒரு பன்னி…”

“வேணாம், சொல்லாத.”

மாலையைப் பிடித்திருந்த ஜான்சி டீச்சர் சிரித்துவிட்டார். “நாங்க வண்டி வாங்கினப்போ தெருவுல கேட்டாங்க, யாரு வண்டின்னு. டாக்டரு வண்டின்னேன். அந்தப் பேரு மட்டும் இல்லன்னா, ஏதோ பழசு ஒண்ணு வாங்கிட்டு வந்துட்டாங்கன்னு முடிச்சிருப்பாங்க. மொதல்ல எங்கம்மாவக்கூட அதுல ஏற வுட்டதில்ல, டாக்டரு வண்டியில காலு மண்ணு படும்னு. அப்புறம் எப்பன்னு தெரியல, டீச்சர் வண்டின்னு கூப்ட ஆரம்பிச்சிட்டாங்க. அந்தாளு இல்லன்னா போவட்டும்ங்க. நான்தான் ரொம்ப வருசமா ஓட்றேன்.”

எல்லோரும் செந்தமிழ்செல்வனைப் பார்த்தார்கள். புரோக்கர் என்ற வார்த்தையை இத்தனை வருஷம் வாயில் போட்டு மென்றவர். இன்றைக்கு அவர் என்ன சொன்னாலும் கேட்டுக்கொள்ள வேண்டியதுதான்.

“டாக்டர் இல்லன்னு யாரு சொன்னது?” என்றார் செந்தமிழ்செல்வன்.

“உன் தங்கச்சிதான், இப்ப…” என்றார் கதிர்வேல்.

“அதுக்கு இன்னா தெரியும்? நான் அவரப் பாத்திருக்கேன். கண்ணாடி போட்டிருப்பாரு.” அவருடைய சட்டைப் பையில் ஸ்ரீமுஷ்ணத்து அட்வான்ஸ் புடைத்துக்கொண்டிருந்தது.

தானும் ஒருநாள் வண்டியை விற்க வேண்டியவர்தானே என்பது கதிர்வேலுக்கு நினைவு வந்தது. “ஆமா. செவப்பா, ஒசரமா” என்றார். இன்னொருவர், டாக்டர் தன் மாமியாருக்குக் கண்ணாடியே எழுதிக் கொடுத்திருக்கிறார் என்றார்.

கொளஞ்சியம்மாள் போய் நீல வண்டியில் உட்கார்ந்து கண்ணாடியை ஏற்றிவிட்டார். செந்தமிழ்செல்வன் பின்னாலேயே வந்து தட்டினார். மாருதி தாழ்வான வண்டி. நன்றாகவே குனிய வேண்டியிருந்தது. கண்ணாடி மெதுவாக இறங்கியது.

“கொளஞ்சி, மாப்ளகிட்ட ஒரு வார்த்தை சொல்லும்மா. பார்ட்டி கேட்டா இப்படிப் பொசுக்குனு இல்லன்னு சொல்லிடப் போறாரு.”

மணவாளன் பக்கத்தில்தான் இருந்தார். ஸ்டீயரிங்கைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“செத்தவரு செத்தவருதாண்ணா. திரும்பக் கொண்டாற முடியாது” என்றார் கொளஞ்சியம்மாள். “அவருக்குத் தம்பி யாராச்சும் இருந்தாலும் இருப்பாங்க.”

“பல் டாக்டரா?”

“அதெல்லாம் ரோட்டுல நின்னு பேசற சங்கதி இல்ல. வீட்டுக்கு வந்து கேளு. கோழி அடிச்சுக் கொழம்பு வைக்கிறேன். சாப்ட்டுட்டுக் கேளு, சொல்லுவாரு.”

செந்தமிழ்செல்வன் குனிந்தபடியே பாலத்தைப் பார்த்தார், ஹாரன் அடித்தபடி தாண்டிப்போன பஸ்ஸைப் பார்த்தார், மணவாளனைப் பார்த்தார்.

“ஞாயித்துக்கெழம வர்றேன்” என்றார். நிமிரப் போனவர் மறுபடி குனிந்தார். “மேல்பட்டாம்பாக்கத்துல நீங்க எந்தத் தெருவு?”