இடது கைக்கு அரை இஞ்சு

தையல் கடையில் துணியைவிட அதிகமாகப் பிரித்துப் பார்க்கப்படுவது தைக்கிறவளின் குடும்பம்தான். ஜாக்கெட் வாங்க வருகிறவர்கள், நாம் கொக்கி வைத்து முடிக்கிற வரைக்கும் எதிரே ஸ்டூலில் உட்கார்ந்து எதையாவது கேட்டுக்கொண்டே இருப்பார்கள். கடை வைத்திருக்கும் சகோதரிகளே, உங்களிடம் மகளுக்கு வரன் வந்ததா, மாமியாருக்குக் கண் ஆபரேஷன் முடிந்ததா என்று கேட்பார்கள். என்னிடம் கேட்பது என் தம்பியைப் பற்றி. நான் எட்டாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டு, திண்டுக்கல் பேகம்பூர்ப் பக்கம் மிஷினில் உட்கார்ந்தவள். என் தம்பி கண்ணன் விமானப்படையில் விமானி. விண்வெளிக்குப் போகப் பயிற்சி எடுக்கிறவர்களில் அவனும் ஒருவன் என்று போன மாதம் வெளியே சொல்லிவிட்டார்கள். அதனால்தான் இப்போது தைரியமாக எழுதுகிறேன்.

பெர்மனென்ட்

அவன் போர் விமானம் ஓட்டிக்கொண்டிருந்த வரைக்கும் எனக்குச் சிக்கல் இல்லை. கேட்டவுடன் எல்லாருக்கும் புரிந்தது. அதற்கப்புறம் பெங்களூரில் ஒரு வருடம் தனியாகப் படித்து டெஸ்ட் பைலட் ஆனான். நன்றாக ஓட்டுகிறவர்களிலேயே பொறுக்கி எடுத்த சிலருக்குத்தான் அந்தப் படிப்பு. நான் பெருமையாகக் கடைக்கு வந்த எல்லாரிடமும் சொன்னேன். அதுதான் தப்பாகப் போயிற்று.

அந்தச் சமயம் நத்தத்திலிருந்து ஒரு சம்பந்தம் வந்தது. மாந்தோப்புக்காரர்கள், நல்ல குடும்பம். "மாப்பிள்ளை என்னவா இருக்காரு?" என்று பெண்ணின் தாய்மாமா கேட்டார். "டெஸ்ட் பைலட்" என்றேன். அவர் முகம் சுருங்கிவிட்டது. புதிதாகச் செய்த விமானத்தையெல்லாம் முதலில் இவன்தான் ஓட்டிப் பார்ப்பான் என்று நான் விளக்கப் போக, இன்னும் சுருங்கியது. காபி டம்ளரைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னார்: "தப்பா நெனைக்காதம்மா. தம்பி டெஸ்ட்டெல்லாம் பாஸாகிப் பெர்மனென்ட் ஆகட்டும், அப்புறம் வந்து பேசிக்கிருவோம்."

ட்ரையல்

கல்யாணம் வேறு இடத்தில் நல்லபடியாக முடிந்தது. ஆனாலும் டெஸ்ட் என்றால் என்ன என்று கேட்கிறவர்களுக்குச் சொல்ல எனக்கு ஒரு வழி வேண்டியிருந்தது. ஜமீலாக்கா என் பழைய வாடிக்கை. அவர் வீட்டுக்காரர் தோல் வியாபாரம். அக்காவிடம் நம் தொழிலை வைத்தே சொன்னேன். "புது ஜாக்கெட்ட ட்ரையல் போட்டுப் பாக்குறோம்ல? அக்குள்ல பிடிக்குதா, கழுத்து எறங்குதான்னு பாத்துப் பிரிச்சுத் தைக்கிறோம்ல? அதேதான்க்கா. வானத்துல போய் ட்ரையல் பாக்குறான்."

இத்தனை அழகாக இதுவரை யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள் என்று எனக்கே ஒரு மிதப்பு. ஆனால் ஜமீலாக்கா சொன்னதைக் கேட்டதிலிருந்து எனக்குச் சரியான தூக்கம் கிடையாது. "யா அல்லா, நம்ம ஜாக்கெட்டு ட்ரையல்ல பிரிஞ்சா மாத்து ஜாக்கெட்டு இருக்கு செல்வி. அவன் மேல போயி அது பிரிஞ்சா?"

ஸ்கூட்டர்

லீவில் வந்த தம்பி, கொத்தமல்லி வாங்கி வரேன் என்று என் ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு போனான். திரும்பி வந்தபோது கையில் கொத்தமல்லி இல்லை, ஒரு தாள் இருந்தது. பின் பிரேக் தாமதமாகப் பிடிக்கிறது. முப்பதுக்கு மேல் போனால் இடது கண்ணாடி ஆடுகிறது. திருப்பத்தில் வண்டி ஒரு பக்கம் இழுக்கிறது. இப்படி ஒன்பது குறை, வரிசை எண் போட்டு எழுதியிருந்தான். "சரி, இதெல்லாம் ரெடி பண்ணிக் குடுத்துட்டுப் போடா" என்றேன். "ரெடி பண்றது எஞ்சினியர் வேலைக்கா. ஒளிக்காம எழுதுறதுதான் என் வேலை" என்று உள்ளே போய்விட்டான்.

அப்போது வேடசந்தூர் மில்லில் வேலை பார்க்கும் ஒரு பெண் சுடிதார் வாங்க வந்து நின்றிருந்தாள். அந்தத் தாளை மேலிருந்து கீழ் வரை படித்துவிட்டுக் கேட்டாள்: "ஏக்கா, குறை சொல்றதுக்குக் கவர்மென்ட்டுல சம்பளமெல்லாம் குடுக்குறாங்களா? எங்க மாமியாள அனுப்பி வைக்கட்டா?"

தாள்

விண்வெளிக்கு ஆள் எடுக்கும்போது டெஸ்ட் பைலட்டுகளைத்தான் முதலில் பார்த்தார்கள். கண்ணனும் பெயர் கொடுத்தான். பல வாரம் உடம்புப் பரிசோதனை. பல், காது, ரத்தம், நாற்காலியில் உட்காரவைத்துச் சுற்றுவது, சூடான அறையில் அடைப்பது என்று ஒவ்வொன்றாகப் போனில் சொல்வான். ஒரு நாள் குரல் மாறியிருந்தது. "அக்கா, இந்த இடது கை எப்படி ஒடைஞ்சதுன்னு கேட்டுத் தாள் குடுத்திருக்காங்க."

என் கையில் இருந்த கத்தரியைக் கீழே வைத்தேன். அவனுக்கு அப்போது ஐந்து வயது. எனக்குப் பதினாறு. சைக்கிளில் பின்னால் உட்கார்ந்து, "இன்னும் வேகமா போக்கா, இன்னும் வேகமா" என்று கத்திக்கொண்டு வந்தான். நானும் போனேன். திருப்பத்தில் விழுந்தோம். வீட்டில் அவன் படியில் தடுக்கி விழுந்ததாகச் சொன்னேன். கட்டுப் போட்டு எலும்பு கூடிவிட்டது. கை மட்டும் வளர வளர அரை இஞ்சு குறைந்து நின்றது. அவன் சட்டைக்கெல்லாம் இடது கையை அரை இஞ்சு குறைத்துத்தான் வெட்டுவேன். விமானப்படைக்காரர்கள், ஓட்டுவதற்கு இடைஞ்சல் இல்லை என்று விட்டிருந்தார்கள். இவர்கள் விடுவதாக இல்லை.

"சைக்கிள்னு எழுதிர்றேன். எனக்கு அது ஞாபகம் இருக்கு. தலையில அடிபட்டுச்சா, மயங்கினேனான்னும் கேக்குறாங்க. அது எனக்குத் தெரியலக்கா" என்றான். மயங்கியிருந்தால் என்ன ஆகும் என்று கேட்டேன். வேண்டாமென்று அனுப்பினாலும் அனுப்பிவிடுவார்களாம்.

வீட்டில் அது என் ஒருத்திக்குத்தான் தெரியும். இல்லை என்று ஒரு வார்த்தை சொன்னால் முடிந்தது. மேலே போகாமல் வீட்டோடு இருக்கட்டும் என்று தினமும் சாமியிடம் முறையிடுகிறவளும் நான்தான். அதனாலேயே, என் ஆசைக்காகச் சொல்கிறேனோ என்று ஆமாம் சொல்லவும் பயமாக இருந்தது, மேலே போய்விடுவானே என்று இல்லை சொல்லவும் பயமாக இருந்தது. கடைசியில் அந்த ஸ்கூட்டர் தாள்தான் ஞாபகத்துக்கு வந்தது. "மயங்குனடா. செத்த நேரந்தான். டீக்கடைக்காரர் தண்ணி தெளிச்சாரு, முழிச்சுக்கிட்ட" என்றேன். அவன் என்னைத் திட்டவில்லை. சொன்னது இவ்வளவுதான்: "சரிக்கா, அப்படியே எழுதிர்றேன். ஒளிச்சா அப்புறம் நான் என்ன டெஸ்ட் பைலட்டு?"

இரண்டு இடது கை

தலையை மறுபடி படம் எடுத்தார்கள், கையை மறுபடி படம் எடுத்தார்கள். பிறகு ஒரு சேதியும் இல்லை. தேர்வானாலும் வீட்டில்கூடச் சொல்லக் கூடாது என்று அவர்களுக்கு உத்தரவாம். அந்த மாதங்களில் நான் தைத்ததையெல்லாம் நினைத்தால் இப்போதும் கூசுகிறது. காஜா எடுத்த பக்கமே பொத்தானும் வைத்தேன். பாவாடைக்கு நாடா கோக்க வழியில்லாமல் அடைத்துத் தைத்தேன். கடையை ஒரு வாரம் சாத்திவிடு என்று ஜமீலாக்கா சொன்னார். சாத்திவிட்டு வீட்டில் உட்கார்ந்தால் இன்னும் யோசனை வரும் என்று திறந்தே வைத்திருந்தேன்.

ஒட்டன்சத்திரத்திலிருந்து பூ வியாபாரத்துக்கு வரும் ஒரு அம்மா, கல்யாணத்துக்குத் தைத்த பட்டு ஜாக்கெட்டைத் திருப்பிக் கொண்டு வந்தார். கோபமே படவில்லை. மேஜையில் விரித்து, இரண்டு கையையும் நீட்டிக் காட்டினார்: "ஏனுங்க, ரெண்டுமே இடது கையா வெச்சுட்டீங்க. நா சோத்துக்கைய எங்கீங்க போடறது?"

அளவு

ஒரு மத்தியானம், கடை நிறைய ஆள் இருக்கும்போது போன் வந்தது. "சாப்டியாக்கா? என்ன வெஞ்சனம்?" என்று ஆரம்பித்தான். கத்தரிக்காய் என்றேன். "இன்னைக்கு எனக்கு அளவு எடுத்தாங்க" என்றான்.

எதற்கு என்று நான் கேட்கவில்லை, அவனும் சொல்லவில்லை. உத்தரவை அவன் மீறவே இல்லை என்று யார் முன்னாலும் சத்தியம் செய்வேன். ஆனால் தைப்பதென்று முடிவு பண்ணாமல் யாரும் யாருக்கும் இஞ்சு டேப்பை எடுப்பதில்லை. சகோதரிகளே, உங்களுக்குத் தெரியாததா? மிஷின் மேல் தலையைக் கவிழ்த்துக்கொண்டேன். எதிரே ஸ்டூலில் இருந்த ஜமீலாக்கா எழுந்து வந்து என் முதுகைத் தடவினார்.

"எங்கெங்கடா எடுத்தாங்க?"

"ஒரு விரல விடலக்கா. இடது கை அரை இஞ்சு கம்மின்னு சொன்னாங்க. தெரியும், எங்க அக்கா அப்படித்தான் வெட்டும்னு சொன்னேன்."

உடனே எனக்கு அடுத்த கவலை வந்துவிட்டது. மேலே போனால் முதுகெலும்பு நீண்டு ஆள் ஒன்றிரண்டு இஞ்சு வளருவான் என்று முன்னொரு நாள் அவன்தான் சொல்லியிருந்தான். "அப்ப உடுப்பு நீளம் பத்தாம மேல இழுக்குமேடா! உள்ள துணி விட்டிருக்காங்களான்னு கேட்டியா?" என்றேன். கடையே சிரித்தது. அவனும் சிரித்தான், ஆனால் கேட்கிறேன் என்றான். மறுநாள் கூப்பிட்டுச் சொன்னான்: "வளர்ற அளவுக்கு விட்டுத்தான் செய்யிறாங்களாம்க்கா. அளவு எடுத்தவரு என்னையவே பாத்துட்டுக் கேட்டாரு, 'இதையும் உங்க அக்காதான் கேக்கச் சொன்னாங்களா சார்?'"

முப்பது வருடம் மிஷின் மிதித்த அனுபவத்தில் சொல்கிறேன், அளவெடுத்த துணி என்றைக்காவது ஒருநாள் உடம்பில் ஏறியே தீரும், சொன்ன தேதிக்கு மட்டும் எந்தக் கடையிலும் கிடைக்காது.