காது கேக்காத நாயும் என் ரெண்டு கையும்

நாயப் பழக்குற தொழில்ல நாய் ஒரு தொந்தரவே இல்ல. சுத்தி நிக்கிற மனுசங்களப் பழக்குறதுக்குத்தான் எந்தக் கடையிலயும் பிஸ்கட்டு விக்கல. நாய் வளத்து நாயா அலைஞ்ச சக பாவிகளே, நான் சொல்றது உங்களுக்குப் புரியும். மத்தவுக சிரிச்சிட்டுப் போங்க. நான் பள்ளிக்கூடத்துப் பக்கம் போனதே மழைக்கு ஒதுங்கத்தான். எங்க ஊர்ல மழையும் அம்புட்டாப் பெய்யாது. அதனால எழுத்துல தப்பு இருந்தா வானத்தத் திட்டுங்க.

துரை வீட்டு நாய்

சிவகாசியில இருந்து நாரணாபுரம் போற வழியில எங்க மொதலாளிக்குப் பட்டாசு ஆபீஸ். ஆபீஸ்னதும் நாக்காலி, மேசை, காத்தாடின்னு நெனச்சிராதீக. எங்க பக்கம் வெடி சுத்துற எடத்துக்கும் தீக்குச்சி அடுக்குற எடத்துக்கும் ஆபீஸ்னுதான் பேரு. சுதந்திரம் வந்து பத்து வருசம் இருக்கும். மலைத் தோட்டத்துத் துரை ஒருத்தர் சீமைக்குக் கெளம்பயில வித்துட்டுப் போன நாயி ஒண்ண மொதலாளி கார்ல வச்சுக் கூட்டியாந்துட்டாரு. கருப்பட்டி நெறம், தொங்கு காது, மாப்பிள வீட்டுக்காரக மாதிரி ஒரு பார்வ. ரெட்ரீவராம். சுட்ட வாத்து கண்மாய்த் தண்ணியில விழுந்தா நீந்திப் போயி, பல்லுப் படாமக் கவ்வியாந்து, நம்ம உள்ளங்கையில வைக்குமாம். எனக்குச் சிரிப்பு. நான் மொசலுக்குக் கூட்டிட்டுப் போன சிப்பிப்பாறை நாயெல்லாம் மொசலப் புடிச்சா அங்கனயே பந்திய முடிச்சிட்டு, வாயத் தொடச்சிக்கிட்டுத்தான் வரும்.

மொசல் வேட்டைக்குப் போனவன்ங்கிற ஒரே தகுதியில, ஆபீஸ்ல லோடு தூக்கிக்கிட்டு இருந்த இந்த மாடனப் புடிச்சு நாய் மேய்க்கப் போட்டாரு மொதலாளி. மருந்து நெடி இல்லாம வெளிக்காத்து வாங்குற வேல. எனக்கு ரெக்க மொளச்ச மாதிரி இருந்துச்சு. போர்மேன் பொன்னையாதான் என்ன மேலயும் கீழயும் பாத்துட்டுச் சொன்னாரு: "ஏலே மாடா, லோடு தூக்குறவன நாய்க்கு வாத்தியாராப் போட்டாச்சு. நாய் பாஸாயிரும்லே, நீதான் பெயிலாவ."

விசிலு ஊதுன கத

நாய வீட்டுக்குள்ள விட மொதலாளி வீட்டம்மா சம்மதிக்கல. அதனால ஆபீசுக்குப் பின்னால, சாம்பிள் வெடி வெடிச்சுப் பாக்குற பொட்டலுக்குப் பக்கத்துல கூண்டு கட்டிப் போட்டாக. யாருக்கும் ஒண்ணும் தோணல. எங்க ஊர்ல வெடிச்சத்தம்ங்கிறது அடுத்த வீட்டு இருமல் மாதிரி. தீபாவளி சீசன் முழுக்க அந்த நாயி அணுகுண்டுக்கும் சரவெடிக்கும் நடுவுல படுத்துக் கெடந்துச்சு.

தை பொறந்தப்பெறகு பாடம் ஆரம்பிச்சேன். விசிலு ஊதுனேன். என் சந்தோசத்துக்கு நான் ஊதிக்கிறேன்னு நெனச்சு அது பேசாம இருந்துச்சு. துரை நாயாச்சே, தமிழு தெரியாதுன்னு எனக்குத் தெரிஞ்ச மூணு இங்கிலீஷையும் சொல்லிப் பாத்தேன். 'கம்', 'கோ', 'சிட்'டு. அசையல. அந்நேரம் பொட்டல்ல ஒரு அணுகுண்டு போட்டாக பாருங்க. காக்காயெல்லாம் எந்திரிச்சுப் பறக்குது, நான் ஒரு முழம் குதிக்கிறேன், நாயி கொட்டாவி விடுது! அப்பத்தான் தெரிஞ்சது, காது ரெண்டும் அவுட்டு.

மொதலாளிகிட்டச் சொல்லிட்டு, "கண்ணு நல்லா இருக்கு மொதலாளி. தூரத்துல நிக்கயில துரைமாரே கையத்தான் காட்டுவாகளாம். நானும் கை பழக்கிப் பாக்கேன்"ன்னு கெஞ்சுனேன். அவரு மூக்குப்பொடிய உறிஞ்சிட்டு நிதானமாச் சொன்னாரு: "மழ பெஞ்சு கண்மாய்க்கு வாத்து வர்றதுக்குள்ள உன் கைக்கு அது கேக்கணும். கேக்கலன்னா விருதுநகர் மாட்டாஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போயி ஊசியப் போட்டு முடிச்சிட்டு வந்துரு. திரி இல்லாத வெடிய நான் ஸ்டாக் வைக்கிறதில்ல."

மதினி குடுத்த சர்டிபிகேட்டு

நாய்க்குப் பேரு வைக்கிற செலவு மிச்சம். நான் ராசான்னேன், பொன்னையா செவிட்டுத் துரைன்னாரு, வெடி சுத்துற பொம்பளைக மாப்பிளன்னாக. எல்லாத்துக்கும் ஒரே மரியாததான். ஆனா கைப்பாடம் ஏறல. ஒரு வாரமா நான் கையாட்டுறேன், அது என்னப் பாக்குது, பெறகு பொட்டலப் பாக்குது. நான் சர்க்கஸ் காட்டுறேன்னு ஆபீஸே வேடிக்க பாக்குது.

பொட்டல்ல வெடி வச்சுப் பாக்குற ஆளு சங்கையா அண்ணன். அவருக்கும் வெடி வச்சு வெடிச்சே காது போயிருச்சு. திரியில தீய வச்சதும் ஒதுங்கி வந்து ஒத்தக் கைய நேராத் தூக்குவாரு. தூக்கிட்டா யாரும் நின்ன எடத்த விட்டு நகரக் கூடாது. தண்ணி கொண்டு போறவ கொடத்தோட நிப்பா. வெடிச்சு முடிஞ்சு அவரு கையக் கீழ போட்டாத்தான் நடமாட்டம். ஒரு நாளு அவரு கையத் தூக்கயில தற்செயலாத் திரும்புறேன், எங்க துரை கல்லு மாதிரி உக்காந்திருக்காரு! கையக் கீழ போட்டதும் 'சங்கிலிய அவுத்து விடுலே'ங்கிற மாதிரி இழுக்குறாரு. சீசன் முழுக்கக் கூண்டுக்குள்ள கெடந்து, பொட்டல் பாடத்தப் படிச்சிட்டுத்தான் இருந்திருக்கு.

அவ்வளவுதான், நானும் சங்கையா அண்ணன் கையவே புடிச்சுக்கிட்டேன். தூக்குனா நில்லு. போட்டா ஓடிப் போயி எடுத்துக்கிட்டு வா. வலம், இடம் காட்டுறதுக்கு அண்ணன் பொண்டாட்டி மாரியம்மா மதினி கை. வெடி சுத்துற ரூமு வாசல்ல நின்னுக்கிட்டு, 'சோறு அங்கன இருக்கு, தண்ணி இங்கன இருக்கு'ன்னு தூரத்துல நிக்கிற புருசனுக்குக் கையாலயே குடும்பம் நடத்துற பொம்பள. நாயி அவுக கைக்குச் சொன்னபடி போயி வந்ததும் மதினி பெருமூச்சு விட்டுட்டுச் சொன்னாக: "எங்க வீட்டுக்காரருக்கும் இதே கைதான் காட்டுதேன் தம்பி. வேல சொன்னா மட்டும் மூஞ்ச அங்கிட்டுத் திருப்பிக்கிருவாரு. நாய்க்கு இன்னும் அம்புட்டு வெவரம் பத்தல."

டீச்சர் வீட்டுக் கோழி

சாக்குத் துணியில கோழி றெக்கையச் சுத்தி வச்சு, அத வாத்துன்னு சொல்லி வீசி வீசிப் பழக்குனேன். ஒரு நாளு நான் 'இடப்பக்கம்'னு கைய நீட்டுனது கொஞ்சம் ஓவராப் போச்சு. நாயி வேலியத் தாண்டிப் போயி, மிஷன் பள்ளிக்கூடத்து ஞானம்மா டீச்சரோட முட்டக் கோழிய உசுரோட கவ்வியாந்துருச்சு. டீச்சர் வெளக்கமாத்தோட பின்னாலயே வாராக. வெரட்டுனாக, கும்பிட்டாக, வாயப் புடிச்சு இழுக்கப் போனாக. "டீச்சர், இழுக்காதீக! இழுத்தா ரெண்டாயிரும்"ன்னேன். இந்தச் சாதி நாயி கவ்வுனத மண்ணுல போடாது. உள்ளங்கைய விரிச்சுத் தாடைக்குக் கீழ நீட்டணும். நீட்டுனாத்தான் வைக்கும். நீட்டுனேன், வச்சிருச்சு. கோழி ஒரு ஒதறு ஒதறிட்டு, பஸ்ஸ விட்டு எறங்குன மாதிரி நடந்து போயிருச்சு. ஒரு றெக்க உதிரல.

டீச்சர் வெளக்கமாத்தக் கீழ போட்டுட்டு நாயப் பாத்துச் சொன்னாக: "என் கிளாஸ்ல காது நல்லாக் கேக்குற பிள்ளைக நெறஞ்சு கெடக்குது. எடுத்தத எடுத்த மாதிரி திருப்பிக் குடுக்க ஒண்ணாவது இருக்கா?"

பஸ்ஸு நின்ன எடம்

நாரணாபுரம் ரோட்டுல நாயோட வந்துக்கிட்டு இருக்கேன். ஒரு பெரியவரு பஸ்ஸுக்குக் கையத் தூக்கிட்டாரு. தூக்குனா என்ன பாடம்? நாயி நடு ரோட்டுல உக்காந்துருச்சு. அவரு கையக் கீழ போடுற மாதிரியும் இல்ல. பஸ்ஸு கிரீச்சுன்னு நின்னுச்சு. பெரியவரு ஏறிக்கிட்டே டிரைவர வாழ்த்துறாரு. டிரைவரு என்னப் பாத்து மொறச்சாரு: "மனுசன் கை காட்டுனா நான் நிறுத்துற வழக்கமே இல்ல. உன் நாயி என் தொழிலையே கெடுத்துரும்போல."

சாம்பிள்

ஆடி மாசம். தீபாவளிக்குச் சரக்கு எடுக்குறதுக்குத் திருச்சியில இருந்து ஒரு மொத்த யாவாரி வந்திருந்தாரு. பெரிய கை. அந்த வருசம் மத்த ஆர்டரெல்லாம் மந்தம். இவரு எடுத்தாத்தான் ஆபீஸ்ல எல்லாத்துக்கும் தீபாவளி. வெடிய வெடிச்சுக் காட்டாம எங்க பக்கம் யாரும் ஆர்டர் போட மாட்டாக. பொட்டல்ல நாக்காலி போட்டு, கலர் சோடா வாங்கிக் குடுத்து, கூடவே பெருமைக்கு நாயவும் நிறுத்தச் சொன்னாரு மொதலாளி.

சங்கையா அண்ணன் புது அணுகுண்ட வச்சு, திரியில தீய வச்சிட்டு வந்து கையத் தூக்குனாரு. எல்லாரும் நின்னோம். நாயும் உக்காந்துச்சு. சத்தத்தக் காணோம். காத்துப் பாத்தோம், புகையும் அடங்கிப் போச்சு. அண்ணன் மொதலாளி மூஞ்சியப் பாத்துட்டு, தளந்து போயி கையக் கீழ போட்டாரு. நாய்க்கு அதுதான உத்தரவு! நான் சங்கிலியப் புடிக்குறதுக்குள்ள பாஞ்சு போயி, அணுகுண்டக் கவ்விக்கிட்டுத் திரும்புது. திரும்பயில பாத்தா, அணைஞ்சதுன்னு நெனச்ச திரி கடவாய் ஓரத்துல கமுக்கமாப் புகையுது.

திருச்சிக்காரரு நாக்காலியத் தள்ளிட்டு ஓடுறாரு, மொதலாளி வேட்டியத் தூக்கிக்கிட்டு ஓடுறாரு. ஓடுறவுக சும்மா ஓடாம 'போ போ'ன்னு கைய வேற வீசுறாக. கைய வீசுன பக்கமெல்லாம் இது வாலாட்டிக்கிட்டே போகுது. கத்தி என்ன பண்ண, காதா கேக்கப் போகுது? நான் கைய நேராத் தூக்குனேன். உக்காந்துச்சு. வெடி வாயிலயே இருக்கு. 'போட்டுரு'ங்கிறதுக்கு நான் கை பழக்கவே இல்ல. அதுக்குப் படிச்சுக் குடுத்ததெல்லாம் என் உள்ளங்கை ஒண்ணுதான். அது என் மூஞ்சியக்கூடப் பாக்கல. கையத்தான் பாத்துக்கிட்டு இருந்துச்சு. 'குடுக்கத்தான வச்சிருக்கேன், வாங்க மாட்டேங்கிறியே'ன்னு கேக்குற மாதிரி.

நடந்தேன். ஓடுனா வெளையாட்டுன்னு நெனச்சு அதுவும் ஓடிரும்னு நடந்தேன். தாடைக்குக் கீழ உள்ளங்கைய விரிச்சேன். பூ மாதிரி வச்சிருச்சு. வச்ச வேகத்துல அதப் பக்கத்துல இருந்த தண்ணித் தொட்டியில வீசிட்டு, நாய்மேல விழுந்து படுத்துட்டேன். ஒரு சத்தமும் இல்ல. தொட்டியில எட்டிப் பாத்தா, தண்ணிக்கு வேலையே இல்ல. நாயோட எச்சியிலயே திரி ஊறி, வரும்போதே செத்துருச்சு. நாயி என் காத நக்குது. வேப்ப மரத்துக்குப் பின்னால இருந்து திருச்சிக்காரரு தலைய நீட்டுனாரு: "அண்ணாச்சி, உங்க வெடி தரையிலயும் வெடிக்கல, நாய் வாயிலயும் வெடிக்கல, ஆள் கையிலயும் வெடிக்கல. இத நான் திருச்சிக்குக் கொண்டு போயி எங்க வச்சு வெடிக்க?"

வெல படியாத சரக்கு

மொதலாளி மூஞ்சி செவந்து போச்சு. "ஏலே மாடா, வாத்து வர்ற வரைக்கும் காத்திருக்க வேணாம். இன்னைக்கே விருதுநகருக்குக் கூட்டிட்டுப் போ"ன்னாரு. எதுக்குன்னு எனக்குத் தெரியும். சங்கிலியக் கையில எடுத்தேன். நாயி உற்சாகமா எந்திரிச்சுச்சு. வெளிய போறோம்னு சந்தோசம். மாரியம்மா மதினி ரூமு வாசல்ல நின்னு, கையத் தூக்கிட்டுக் கீழ போடாம அப்படியே நிக்காக. அதப் பாத்து நாயி மறுபடியும் உக்காந்துக்கிருச்சு. இழுத்தும் வரல. நானும் பெலமா இழுக்கல.

அந்த நேரம் கார்ல ஏறப் போன திருச்சிக்காரரு திரும்பி வந்தாரு. "அண்ணாச்சி, ஒரு வார்த்த. வெடி கெடக்கட்டும். கடைய நம்பி விட்டுட்டு வர எனக்கு ஒரு ஆளு கெடைக்க மாட்டேங்குது. கையில குடுன்னா நெருப்பையும் கையில குடுக்குது இது. இந்த நாய எனக்குக் குடுத்துருங்க. வெலையச் சொல்லுங்க." மொதலாளி அந்த நொடியே ஆளு மாறிட்டாரு. யாவாரம் பண்ணிப் பழகுன மனுசனாச்சே. அடுத்தவன் கேட்டுட்டா அந்தச் சரக்கு அவரு கண்ணுக்குத் தங்கமாயிரும். என் கையில இருந்த சங்கிலிய வெடுக்குன்னு புடுங்குனாரு. நாயோட தலையத் தடவுனாரு. தடவுனது அதுதான் மொதத் தடவ. "அத மட்டும் கேக்காதீக அண்ணாச்சி. எங்க வீட்டுப் பிள்ள மாதிரி"ன்னாரு. திருச்சிக்காரரு விடல. மொதலாளி மனசு மாறாமயா போகும்னு வேற பெட்டி வெடிய வெடிச்சுப் பாத்துட்டு ஆர்டரப் போட்டுட்டுப் போனாரு. அடுத்த ஆடிக்கும் வந்தாரு, கேட்டாரு, ஆர்டர் போட்டாரு. அதுக்கு அடுத்த ஆடிக்கும்.

வாத்தா? அந்த வருசமும் மழ பெய்யல. கண்மாய்ல மாடுதான் மேஞ்சுச்சு. சாகுற வரைக்கும் அந்த ரெட்ரீவர் ஒரு வாத்தக்கூட மோந்து பாத்ததில்ல. அதுக்கு வந்த கறிச் செலவ யாரோ கேட்டதுக்கு மொதலாளி சொன்னத நானே என் காதால கேட்டேன்: "வாத்த எவன்டா கேட்டான்? வருசா வருசம் திருச்சியில இருந்து ஒரு ஆளக் கவ்வியாந்து என் கையில வைக்குதுல்ல."

ஆக, சக பாவிகளே, அந்த நாய்க்கு நான் கத்துக் குடுத்தது கையப் பாக்க. அது எனக்குக் கத்துக் குடுத்தது, வாயில என்ன இருக்குன்னு பாத்துட்டுக் கைய நீட்ட.