சனிக்கிழமை அரைநாள்

எனக்குக் கோர்வையாக எழுத வராது. படித்தது நாலாம் வகுப்பு. மறதியும் அதிகம். முன்பின் மாறியிருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். இப்போது வேலைக்குப் போகிற பெண்பிள்ளைகளுக்கு உதவும் என்றுதான் எழுதுகிறேன்.

திருத்தணியில் ஒரு ரைஸ் மில்லில் எனக்குக் களத்து வேலை. அவித்த நெல்லைக் களத்தில் பரப்பி, காலால் கிளறிவிட்டு, காய்ந்ததும் குவிக்க வேண்டும். விடிந்தது முதல் இருட்டும் வரை வேலை. அமாவாசைக்கு மட்டும் லீவு. கணவர் இறந்த பிறகு மகளை மணவூரில் அக்கா வீட்டில் விட்டிருந்தேன். அமாவாசைக்கு அமாவாசை போய்ப் பார்ப்பேன். ராத்திரி தங்க முடியாது.

சுதந்திரம் வந்து கொஞ்ச காலத்தில், வாரத்துக்கு இத்தனை மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக் கூடாதென்று சட்டம் வருவதாகப் பேச்சு. முதலாளி எங்களைக் கூப்பிட்டார்.

“தெனம் ஒரு மணி முன்னாடி வுட்டுடறேன். சரியா?”

“வேணாங்க. சீக்கிரம் போனா மாமியா மாவாட்ட உக்கார வெச்சிடுவா. இங்கியே இருந்துக்கறோம்” என்றாள் பாப்பம்மா. களமே சிரித்தது.

எனக்கு ஒரே ஆசைதான். சனிக்கிழமை மத்தியானம் விட்டால் அரக்கோணம் போய் வண்டி மாறி, ஞாயிறு முழுக்க மகளோடு இருக்கலாம். கேட்க வாய் வரவில்லை. பாப்பம்மா காதில் சொன்னேன். அவள் சத்தமாகவே கேட்டுவிட்டாள்: “சனிக்கெழம அரநாளு, ஞாயித்துக்கெழம லீவு. அப்பிடிக் குடுங்க மொதலாளி. இவ பொண்ணப் பாக்கணும்னு ஏங்கிகினு கீறா.”

மேஸ்திரி சிரித்தார். “நெல்லுக்கு சனிக்கெழம தெரியுமா? ஈரத்தோட குவிச்சா நாறிப்பூடும்.”

“வெள்ளிக்கெழம அவியல் போடாத நைனா. வியாழக்கெழம அவிச்சது சனிக்கெழம மத்தியானத்துக்குள்ள காஞ்சிடாது?” என்றாள் பாப்பம்மா.

மேஸ்திரி யோசித்துத் தலையாட்டினார். முதலாளியும், “ஆங், செஞ்சிக்கலாம்” என்றார். எந்தக் குவியலை யார் மூடுவது என்பது வரை பேசி முடித்தோம்.

அன்றே மணவூர் போகிற ஒருவரிடம் மகளுக்குச் சொல்லியனுப்பினேன், இனி சனிக்கிழமை தோறும் அம்மா வருவாள் என்று.

அந்தச் சனிக்கிழமை மத்தியானம் களம் நிறைய ஈரநெல் கிடந்தது. வெள்ளிக்கிழமையும் அவித்திருந்தார்கள். மேஸ்திரியைக் கேட்டேன்.

“இந்த வாரமேன்னு யாரும்மா சொன்னா? அறுப்பு முடியட்டும்.”

அறுப்பு முடிந்தது. சட்டம் இன்னும் அமலுக்கு வரவில்லை என்றார்கள். எந்தக் கிழமை, எந்தக் குவியல் என்றெல்லாம் பேசினோமே தவிர, எந்த மாதத்திலிருந்து என்று ஒருத்தியும் கேட்கவில்லை.

என் மகள் சனிக்கிழமை தோறும் ஸ்டேஷனில் போய் நின்றாளாம். அக்காதான் இழுத்துக்கொண்டு வருவாளாம்.

அரைநாள் கடைசியில் வந்தது. மணவூரில் இறங்கினேன். பிளாட்பாரத்தில் யாரும் இல்லை. வீட்டு வாசலில் நொண்டி ஆடிக்கொண்டிருந்தவள் ஒற்றைக் காலில் நின்றபடியே என்னைப் பார்த்து, “இன்னிக்கு அமாவாசையா?” என்றாள்.

வேலை நேரத்தைக் குறைக்கப் பேசுகிறவர்கள், தொடங்கும் தேதியை முதலில் கேட்டு வாங்குங்கள். அதற்குப் பிறகு வீட்டில் சொல்லுங்கள்.

சட்டம் வந்தது எந்த வருஷம், எத்தனை மணி நேரம் என்பதைத் தெரிந்தவர்கள் பார்த்துத் திருத்த வேண்டும். ரயில்வேயில் இருந்தவர்கள், அன்றைக்கு அரக்கோணத்தில் மாறி நான் வந்த அந்தச் சாயங்கால வண்டியையும் விசாரித்துச் சொல்லுங்கள். அது மணவூரில் நிற்கவே நிற்காது என்கிறாள் என் மகள். நின்றது. நான் இறங்கியிருக்கிறேன்.