வேல்ஸ்காரம்மா எங்கள் வீட்டில் சாகவில்லை

சனிக்கிழமை காலை, எடிசனில் எங்கள் வீட்டு ஹாலில், என் ஒன்பது வயது மகள் கயல் தலை முழுக்க பேபி பவுடரைக் கொட்டி முடியை நரைக்க வைத்துக்கொண்டு, தான் எப்படிச் செத்துப்போனாள் என்று கண்ணாடியைப் பார்த்துச் சொல்லிப் பழகிக்கொண்டிருந்தாள். "ஐ டைட் இன் லண்டன்." கொஞ்சம் சோகம் போதவில்லை என்று நினைத்தாளோ என்னவோ, இன்னொரு தடவை சொன்னாள். நான் தோசைத் திருப்பியோடு ஓடி வந்தேன்.

ஊரிலிருந்து இதைப் படிப்பவர்களுக்கு விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன். இங்கே அமெரிக்கப் பள்ளிகளில் வேக்ஸ் மியூசியம் என்று ஒன்று நடத்துவார்கள். பிள்ளைகள் ஆளுக்கொரு பிரபலத்தைப் போல வேஷம் போட்டு மெழுகு பொம்மையாக அசையாமல் நிற்க வேண்டும். முன்னால் ஒரு காகிதப் பொத்தான் ஒட்டியிருக்கும். வருகிறவர்கள் அதை அழுத்தினால் பொம்மைக்கு உயிர் வந்து, பிறப்பிலிருந்து இறப்பு வரை தன் கதையை "நான், நான்" என்று சொல்லும். கயல் தேர்ந்தெடுத்தது சிறுவர்களுக்கு மாயக்கதை எழுதிய, இங்கிலாந்தை ஒட்டிய வேல்ஸ் நாட்டு எழுத்தாளர் ஒருவரை. அவர் பெயர் என் வாயில் நுழையவே இல்லை. கயல்விழி என்ற பெயரை இந்த ஊர்க்காரர்கள் படுத்துகிற பாட்டை இத்தனை வருடம் திட்டிவிட்டு, நானும் அவரை வேல்ஸ்காரம்மா என்றே சொல்லி ஒப்பேற்றினேன்.

வேல்ஸ்காரம்மாவின் அப்பா கல் குவாரியில் வேலை பார்த்தவர். வீட்டில் வேல்ஸ் மொழி, பள்ளியில் இங்கிலீஷ். வேலை தேடி லண்டன் போய் டைப்பிஸ்ட் ஆனார். பிள்ளைகள் தூங்கிய பிறகு சமையல் மேசையில் உட்கார்ந்து கதை எழுதினார். ஏரிக்கு அடியில் ஒரு ஊர். அந்த ஊர் ஜனங்கள் கிணறுகள் வழியாக மேலே வந்து சந்தையில் நம்மோடு காய்கறி வாங்கிவிட்டுத் திரும்பிப் போவார்கள். யாருக்கும் அடையாளம் தெரியாது, கால் மட்டும் எப்போதும் ஈரமாக இருக்கும். ஊர்ப் பெயர்களை இங்கிலீஷ் பிள்ளைகளுக்கு ஏற்ற மாதிரி மாற்றச் சொன்னார்களாம் பதிப்பகத்தார். முடியாது என்றுவிட்டாராம். கயல் இதையெல்லாம் சொல்லக் கேட்டு எனக்கு அந்த அம்மாவை ரொம்பப் பிடித்துப்போனது. கடைசி வரிதான் ஆகவில்லை. "ஒவ்வொரு வருஷமும் ஊருக்குத் திரும்பிவிடுவேன் என்று சொல்லிக்கொண்டிருந்தேன். லண்டனில் இறந்தேன்."

கரூரில் எங்கள் வீட்டில் அரிசி தீர்ந்தால்கூடத் தீர்ந்தது என்று சொல்லக்கூடாது, நிறைந்துவிட்டது என்பார்கள். நான் சின்ன வயதில் விளையாட்டுக்குச் செத்த மாதிரி படுத்ததற்கு, "வாயக் கழுவுடி, கண்ணத் தொற" என்று அம்மா என்னைக் குழாயடிக்கு இழுத்துக்கொண்டு போனாள். எனக்கு இதிலெல்லாம் நம்பிக்கை இல்லை என்றுதான் நினைத்திருந்தேன். பார்சிப்பனியில் ஒரு ஆபீஸில் சாஃப்ட்வேர் டெஸ்ட் பண்ணுகிறவள் நான். ஆனால் பெற்ற பிள்ளை வாயால் கேட்டபோது அம்மா மாதிரியே குறுக்கே பாய்ந்தேன்.

"அந்தக் கடைசி லைன எடுத்துடு கண்ணு."

"அம்மா, ஷி இஸ் ஆல்ரெடி டெட்! மார்க்ஸ் கட் பண்ணுவாங்க!"

சரி, டீச்சரிடமே கேட்டுவிடலாம் என்று திங்கட்கிழமை பள்ளிக்குப் போனேன். எங்கள் வீட்டில் சாவு என்ற சொல்லை வாயில் எடுக்க மாட்டோம், கயல் அதைச் சொல்வது எனக்குத் தாங்கவில்லை என்று எனக்குத் தெரிந்த இங்கிலீஷில் விளக்கினேன். டீச்சர் நல்ல பெண். கண் கலங்கி என் கையைப் பிடித்துக்கொண்டு, "ஐ அம் ஸோ ஸாரி" என்றார். என் மேல் இவ்வளவு அக்கறையா என்று உருகிப்போய் நன்றி சொல்லிவிட்டு வந்தேன்.

மாலையில் கயல் ஒரு கரடி பொம்மையோடு வந்து அதைத் தரையில் வீசினாள். பள்ளியின் மனநல ஆலோசகர் அறைக்குக் கூப்பிட்டு, வீட்டில் யார் இறந்தது, பாட்டியா தாத்தாவா என்று கேட்டிருக்கிறார்கள். யாருமில்லை என்றால் நம்பவில்லையாம். அழ வேண்டுமானால் அழலாம் என்று டிஷ்யூ பெட்டியை நகர்த்தி வைத்து, ஆறுதலுக்கு இந்தக் கரடியையும் கொடுத்தார்களாம். என் கணவர் சிரித்துச் சிரித்துப் புரையேறி, "துக்கம் விசாரிச்சாச்சு, இனி கருமாதிதான் பாக்கி" என்றார்.

"வாயக் கழுவுங்க!" என்று கத்தினேன்.

கயல் சிரிக்கவில்லை. "நீ மியூசியத்துக்கு வராத அம்மா. ப்ளீஸ்." அவள் முழு வாக்கியத்தைத் தமிழில் பேசி எத்தனையோ நாளாகியிருந்தது. அதுவும் இதற்காகவா என்று எனக்கு அழுகையாக வந்தது. சகுனத்துக்காகத்தான் பயந்தேனா என்றும் தெரியவில்லை. ஒவ்வொரு வருஷமும் திரும்பிவிடுவேன் என்று சொல்கிறவள் நானும்தானே. அந்த வரியை அவள் சொல்லும்போதெல்லாம் என்னைப் பற்றி யாரோ எழுதி வைத்த மாதிரி இருந்தது.

வராதே என்றால் போகாமல் இருக்க முடியுமா? போனேன். ஜிம் கூடத்தின் ஓரமாக, கூடைப்பந்து வளையத்துக்கு அடியில், சால்வை போர்த்தி அசையாமல் நின்றிருந்தாள் என் வேல்ஸ்காரம்மா. யாரோ ஒரு பிள்ளையின் தாத்தா, வெள்ளைக்காரர், பொத்தானை அழுத்தினார். குவாரி, டைப்ரைட்டர், ஏரிக்கடி ஊர் எல்லாம் தடங்கலில்லாமல் வந்தன. "ஒவ்வொரு வருஷமும் ஊருக்குத் திரும்பிவிடுவேன் என்று சொல்லிக்கொண்டிருந்தேன்" என்று இங்கிலீஷில் சொல்லும்போது தூணோரம் நின்ற என்னைப் பார்த்துவிட்டாள். நிறுத்தினாள். பிறகு சத்தமாக, "போய்ட்டு வரேன்" என்றாள்.

தாத்தா குனிந்தார். "அது வேல்ஸ் மொழியா?"

"இல்லை, எங்க வீட்டு மொழி. போகும்போது போறேன்னு சொல்ல மாட்டோம். போய்ட்டுத் திரும்பி வரேன்னுதான் சொல்வோம்" என்று இங்கிலீஷில் விளக்கினாள்.

அவருக்கு அது பிடித்திருந்தது போல. "திரும்பி எங்கே வருவாய் கண்ணே? லண்டனுக்கா, வேல்ஸுக்கா?"

கயல் மறுபடி பொம்மையானாள். பொம்மை பேசி முடித்தால் அசையக்கூடாது என்பது விதி. கண்கள் மட்டும் என் பக்கம் திரும்பின. அவரும் அந்தப் பார்வையைத் தொடர்ந்து, சிரித்த முகத்தோடு என்னைப் பார்த்து, பதிலுக்குக் காத்திருந்தார்.