டயருக்கு வைத்த எலுமிச்சை

எங்கள் இழுவைப் படகு கடற்படையில் பிறந்தது. பீரங்கி கிடையாது, பதக்கம் கிடையாது. போர்க்கப்பல்கள் தளத்தைவிட்டுப் புறப்படும்போது மூக்கால் தள்ளிவிடுவதும், திரும்பி வரும்போது பத்திரமாகக் கரையில் அணைப்பதும்தான் அதன் வேலை. போதும் என்று ஒருநாள் ஏலத்தில் விட்டார்கள். நாங்கள் தவுக்கே என்று கூப்பிடும், பிறை என்கிற துறைமுக ஊர்ச் சீன முதலாளி அதை எடுத்துச் சிவப்புச் சாயம் அடித்தார். எங்கே உரசினாலும் கடற்படையின் பழைய சாம்பல் நிறம் எட்டிப் பார்க்கும். அதைப் பார்த்தால் எனக்குக் கொஞ்சம் திமிர் வரும். சுக்கான் பிடிப்பவன் நான்தானே.

போன ஆயுத பூசைக்குச் சற்று முன்னால் தவுக்கே பெரிய புதுப் படகு ஒன்றை வாங்கினார். பழையதை உடைக்க விற்பதாக முடிவு. பூசைக்கு மறுநாள் பழைய இரும்பு வியாபாரி வந்து பார்ப்பான். புதியதில் எனக்கு இடம் உண்டு, இருந்தாலும் வயிறு எரிந்தது. ஓடுகிற எஞ்சினை எவனாவது உடைப்பானா?

ஆயுத பூசையன்று எங்கள் ஊர் பாகான் டாலாமில் எல்லா வண்டிகளின் டயருக்கடியிலும் எலுமிச்சை வைத்து ஏற்றி நசுக்குவோம். படகுக்கு ஏது சக்கரம்? ஆனால் இடி தாங்க மூக்கிலும் இரண்டு பக்கமும் பழைய லாரி டயர்கள் தொங்கும். டயர் என்றால் டயர்தான் என்று முடிவுகட்டிய எங்கள் எஞ்சின்கார அண்ணன், வருடாவருடம் மூக்கு டயரில் பழங்களைக் கட்டி, சந்தனமும் குங்குமமும் தாராளமாக அப்புவார். நான் மெல்ல முன்னே விட்டு, படகு கட்டும் ஜெட்டியின் சுவரில் நசுக்குவேன்.

அன்று தவுக்கே பார்த்துச் சிரித்தார். "இவ்ளோ டயர் தொங்குது, ஒண்ணுக்கு மட்டும் வெச்சா போதுமா? உடைக்கப் போற போட்டுக்கு எதுக்குலா பூசை?" என்று மலாயில் கேட்டார். அண்ணன் முகம் வாடிவிட்டது.

"நாளைக்குத்தானே உடைக்கப் போறீங்க தவுக்கே. இன்னிக்கு இது நம்ம போட்டுலா," என்றேன், காரமாகவே.

பழத்தை நசுக்குவதற்குள் காற்றும் மழையும் வந்துவிட்டன. கடலுக்கு எதிரே இருக்கும் தீவின் மலை மறைந்தது, தீவுக்குப் போகும் பாலமும் மறைந்தது. பிறைத் துறைக்கு வந்துகொண்டிருந்த சரக்குக் கப்பல் ஒன்றைக் காற்று சேற்றுத் திட்டுப் பக்கம் ஒதுக்கியது. புதுப் படகு முன்பக்கத்தைக் கயிறு போட்டுப் பிடித்துவிட்டது. பின்பக்கம் மட்டும் திட்டை நோக்கிப் போய்க்கொண்டே இருந்தது. திட்டுப் பக்கம் நின்று தள்ள வேண்டும். அங்கே ஆழம் குறைவு, புதியது போனால் தரைதட்டும். எங்களுடையதற்குக் கொஞ்சம் தண்ணீர் போதும். வயர்லெஸ்ஸில் கூப்பிடும் முன்பே அண்ணன் எஞ்சினைக் கிளப்பிவிட்டார்.

கப்பலின் சுவரைத் தவிர எதுவும் தெரியவில்லை. மூக்கை வைத்து அழுத்தினேன். கொஞ்ச நேரம் கப்பல்தான் எங்களைத் தள்ளியது. பின்னால் சேறு கொப்பளித்தது. பயம் இல்லை என்று சொன்னால் பொய். "போ கண்ணு, போ," என்று படகைக் கெஞ்சினேன்.

கீழேயிருந்து அண்ணன் குரல் வந்தது. "இன்னும் இருக்கு தம்பி. கேளு, குடுக்கிறேன்."

கேட்டேன். கொடுத்தது. கப்பல் நின்றது, பிறகு நாங்கள் தள்ளிய பக்கம் நகர்ந்தது. அவ்வளவு சந்தோஷம் எனக்குக் கல்யாணத்தன்றுகூட வந்ததில்லை.

கப்பலைத் துறையில் கட்டி மழை ஓய்ந்த பிறகு பார்த்தோம். அதன் விலாவில், மழை கழுவியதுபோக மிச்சமாய், சந்தனமும் குங்குமமும் கலந்து ஒரு பெரிய பொட்டு. நடுவில் எலுமிச்சைத் தோல் ஒட்டியிருந்தது. நானும் அண்ணனும் கண்ணில் நீர் வரச் சிரித்தோம். தவுக்கே ஜெட்டியில் நின்று அதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

மறுநாள் இரும்பு வியாபாரி வரவில்லை. தவுக்கேதான் வந்தார், கையில் கனத்த பிளாஸ்டிக் பையோடு.

"அவனை வர வேணாம்னு சொல்லிட்டேன்," என்றார். பையை அண்ணனிடம் நீட்டினார். உள்ளே எலுமிச்சம்பழங்கள்.

"எல்லா டயருக்கும் கட்டு."