பேய்க்கு வைத்த பெயர்

சார்மி பேய்ப்படம் எழுதிப் பிழைப்பவள். எழுதியதோடு விட்டாளா, தயாரிப்பதும் அவளேதான். ஜாவாவில் யோக்யகர்த்தா நகரத்தில் கல்யாண வீடியோக்காரரிடம் வேலை பார்த்துக்கொண்டே முதல் கதையை எழுதி, மூடிக் கிடந்த சர்க்கரை ஆலையில் படமாக்கினாள். முகமெல்லாம் அரிசிமாவை அப்பிக்கொண்டு பேயாக வந்தவள் மாமன் மகள். பார்த்தவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். நாலாவது படத்தில்தான் ஒருத்தி பயந்து செருப்பை விட்டுவிட்டு ஓடினாள். அன்று சார்மிக்குக் கால் தரையில் பாவவில்லை.

ஏழாவது படத்துக்குப் பெரிய தியேட்டர்கள் கிடைத்தன. வெளியீட்டுக்குப் பன்னிரண்டே நாள். கதையில், செத்துப்போன ஒரு சிறுமி சொந்த வீட்டையே சுற்றிச் சுற்றி வருகிறாள். கடைசியில் மந்திரவாதி அவளைப் பாழுங்கிணற்றுக்கு விரட்டிக் கட்டிவிடுகிறான். அந்த முடிவுக்காகவே படத்தை வாங்கியிருந்தார்கள்.

மகள் எடுத்த ஒரு படத்தையும் அம்மா வார்சினி பார்த்ததில்லை. பேயை விற்றா சோறு தின்பது என்பது அவள் வாதம். இந்த முறை சார்மி விடாப்பிடியாக எடிட்டிங் அறைக்கு இழுத்து வந்துவிட்டாள். ஒலிப்பதிவாளன் சுகெங் படத்தை ஓட்டினான்.

திரையில் மந்திரவாதி சிறுமியைப் பெயர் சொல்லி அழைத்தான். சந்திரநிங்ரும். அம்மா எழுந்து நின்றுவிட்டாள். 

"அந்தப் பேரை உனக்கு யாருடி சொன்னா?"

யாரும் சொல்லவில்லை, ராஜகளையாக இருக்கிறதென்று நானே வைத்தேன் என்றாள் சார்மி.

"அது உன் பேருடி."

மூன்றரை வயது வரை அவள் சந்திரநிங்ரும்தானாம். மாதா மாதம் காய்ச்சல், வலிப்பு. பெயர் பாரம், பிள்ளையால் சுமக்க முடியவில்லை என்றார்கள் பெரியவர்கள். சடங்குக்குச் சிவப்புக் கஞ்சியும் வெள்ளைக் கஞ்சியும் காய்ச்சி, அக்கம்பக்கத்தைக் கூப்பிட்டு, அந்தப் பெயரைக் கழற்றிப் போட்டுவிட்டு லேசான பெயராகச் சார்மி என்று வைத்தார்கள். காய்ச்சல் விட்டது. பழைய பெயரை அதன்பின் வீட்டில் யாரும் வாயால் சொன்னதில்லை. தெருவில் பாதிப் பிள்ளைகளுக்கு இப்படிப் பெயர் மாறியது சார்மிக்குத் தெரியும். தானும் அதில் ஒருத்தி என்று முப்பத்தெட்டு வருடமாக யாரும் சொல்லவில்லை.  பேய்க்கு வேறு பெயர் வைத்துவிடுகிறேன் என்றாள் சார்மி.

"மாத்தாதே. ஒருதரம் மாத்தினது போதும். நீ பொழைச்சுக்கிட்டே. ஆனா அந்தப் பேருக்காரியை நான்தானே வெளியே தள்ளிக் கதவைச் சாத்தினேன். நீயும் அவளைக் கிணத்தடியில விட்டுடாதே. உள்ளே கூப்பிடு."

முடிவை மாற்றினால் படமே வேண்டாம் என்று வாங்கியவர் போனில் கத்தினார்.  வேண்டாமென்றால் போங்கள் என்று சார்மி போனை வைத்துவிட்டாள். முடிவிலிருந்து மந்திரவாதி போனான். வீட்டுக் கதவு திறக்கும். உள்ளிருந்து ஒரு குரல் கூப்பிடும், அவ்வளவுதான். குரல் கொடுக்க அம்மாவே வந்தாள்.

மைக் முன்னால் நின்று கண்ணை மூடிக்கொண்டாள்.

"சந்திரநிங்ரும்…"

"என்னம்மா?"

சுகெங் தூக்கிவாரிப்போட்டதுபோலத் திரும்பினான். அவன் தன்னைப் பார்த்த பிறகுதான், பதில் தன் வாயிலிருந்து வந்தது என்று சார்மிக்கு உறைத்தது. அம்மா கண்ணைத் திறக்கவில்லை.

"சாப்பிட வாடி," என்றாள்.