யப்பானில பள்ளம் பாக்க வந்த எங்கட சனம்

சனத்தைச் சுற்றுலா கூட்டிக்கொண்டு போறவளுக்குக் கண் ரெண்டு போதாது, வாய்க்கு மட்டும் ஒரு பூட்டு வேணும். கனடாவில, ஸ்காபரோவில ஒரு ட்ராவல்ஸ் ஒபிசில எனக்கு வேலை. எங்கட சனத்தை யப்பானுக்குக் கூட்டிக்கொண்டு போறன். ரோக்கியோவும் பூமரமும் எல்லாரும் காட்டுறதுதான். நான் மன்றாடிச் சேர்த்தது ஒரேயொரு நாள்: வடக்கு யப்பானில, ஐயாயிரம் வருசத்துக்கு முந்தி ஆக்கள் இருந்த ஒரு ஊர். தோண்டியெடுத்துப் பூங்காவா வைச்சிருக்கினம். "ஒரு முறைப்பாடு வந்தாலும் அந்த நாளை வெட்டிப்போட்டு ஷொப்பிங் மோல் போடுவன்" எண்டு முதலாளி முதலே சொல்லிப்போட்டார். சனத்தோட மாரடிக்கிற ஆருக்கும் என்ர பாடு விளங்கும்.

அளவெடுப்பு

அங்க வீடெண்டால் நிலத்தைத் தோண்டி, பள்ளத்துக்கு மேல கூரை போட்டது. குனிஞ்சுதான் உள்ள போகலாம். எங்களுக்குச் சுத்திக்காட்டினவர் எழுபது வயசு யப்பான்காரர், சம்பளம் வாங்காத தொண்டர். அந்த மனிசன் அடுப்பு இருந்த இடத்தை ஆசையாக் காட்டுறார். பிக்கரிங்கில வீடு வித்துக் குடுக்கிற நேசன் அண்ணையோ போனை நீட்டிச் சுவருக்குச் சுவர் அளக்கிறார். எனக்கு விசர் வந்துது. "அண்ணை, அவர் கதைக்கிறதைக் கொஞ்சம் கேளுங்கோவன்" எண்டன். அவர் நிமிரவேயில்லை.

"தங்கச்சி, இந்த பேஸ்மென்ருக்குத் தனி வாசல் இல்லை, வாடகைக்கு விடேலாது."

ஆறு தூண்

வானத்தை முட்டுற மாதிரி ஆறு மரத்தூண், திருப்பிக் கட்டி வைச்சிருக்கினம். என்னத்துக்குக் கட்டினதெண்டு நிச்சயமாத் தெரியாதெண்டு தொண்டர் நேர்மையாச் சொன்னார். அதுதான் பிழையாப் போச்சு. அஜக்ஸில இருக்கிற பரமலிங்கம் அங்கிள், முந்திக் கணக்கு வாத்தியார், செருப்பைக் கழட்டி வைச்சுத் தூணைத் தொட்டுக் கும்பிட்டார். பிறகு அரை மணித்தியாலம் பிரசங்கம். உது தமிழன் கட்டின மண்டபமாம்! தொண்டர் பாவம், மரியாதைக்குத் தலையாட்டிக்கொண்டு நிக்கிறார்.

வெக்கத்தில செத்துப்போனன். பனிக்குளிருக்க கிடந்து அந்தத் தூண்களை நட்ட சனத்தின்ர உழைப்பை இவர் ஒரு நிமிசத்தில பறிக்கிறதோ? "ஆதாரம் என்ன அங்கிள்?" எண்டு கேட்டே விட்டன்.

"ஆதாரம் இல்லாததுதான் பிள்ளை ஆதாரம், எங்கட எல்லாத்தையும்தானே அழிச்சுப்போட்டாங்கள்."

புளிச்சோறு

அடுப்படியும் இருந்ததெண்டு நான் சொல்லிக் காட்டின, ஊர்ப்பொதுவான நீள வீட்டுக்குள்ள மணம் வருது. பாத்தால், விட்பியில இருக்கிற ராணி அன்ரி பார்சலை அவிட்டு எல்லாருக்கும் புளிச்சோறு குடுக்கிறா. சாப்பிடக்கூடாதெண்டு வாசலில படம் கீறிப் போட்டிருக்கு. ஐயோ, மூடுங்கோ அன்ரி எண்டு பதறினன்.

"அடுப்படியெண்டு நீதானே சொன்னனி, அடுப்படியில சாப்பிடாமல் வேற எங்க சாப்பிடுறது?"

மண்சாடி

அந்த ஊரில செத்த பெரியாக்களைப் பாதையோரம் புதைச்சவை. சின்னப் பிள்ளையளை மட்டும் மண்சாடியில வைச்சு வீடுகளுக்குக் கிட்டத் தாட்டவை. இதை நான் தமிழில சொல்லி முடிக்க எல்லாரும் பஸ்ஸுக்கு ஓடிட்டினம். மட்டக்களப்பு யோகம் அக்கா மட்டும் அசையேல்லை. பயணம் முழுக்க ஒரு சொல்லுப் பேசாத மனிசி. பஸ் ஹோர்ன் அடிக்குது, நேசன் அண்ணை கத்துறார். அந்த எரிச்சலில நானும் "அக்கா, இதில என்ன கிடக்கெண்டு நிக்கிறியள், வாங்கோ!" எண்டு கத்திப்போட்டன். அவ திரும்பிப் பாத்தா.

"சண்டைக்குள்ள ஓடக்குள்ள என்ட மூணு மாசப் புள்ளைய றோட்டோரத்தில புதைச்சிட்டு வந்தன் தங்கச்சி, இவங்க கிட்டவே வெச்சிருந்திருக்காங்க."

என்ர வாயை நானே அடிச்சிருக்கவேணும். அப்பவும் கையைப் பிடிச்சுக் கூட்டிக்கொண்டுதான் போனன்.

படிவம்

ரொறன்ரோ வந்து எல்லாரும் கருத்துப் படிவம் எழுதிக் குடுத்தினம். அங்கிள் "மிகத் திறம், தமிழர் பெருமை" எண்டு எழுதியிருந்தார். அன்ரிக்கும் குறையில்லை, நேசன் அண்ணைக்கும் குறையில்லை. யோகம் அக்கா மட்டும் பூங்காவுக்கு நேரே ஒரு வரி எழுதியிருந்தா: நேரம் காணாது. முதலாளி அதில விரலை வைச்சார். அவ ஏன் அப்பிடி எழுதினவ எண்டு நான் முழுக்கச் சொன்னன், மேசையில அடிச்சும் சொன்னன். ஆறுதலாக் கேட்டுப்போட்டுப் பேனையை எடுத்து அந்த நாளை வெட்டினார்.

"சுகந்தி, முறைப்பாடெண்டால் முறைப்பாடுதான்."

இப்ப அந்த நாள் முழுக்க ஷொப்பிங் மோல்தான், அங்க நேரம் காணாதெண்டு பஸ் நிறைய ஆக்கள் எழுதிக் குடுத்தும் அதை வெட்ட இன்னும் ஒருதரும் பேனை எடுக்கேல்லை.